இங்கிலாந்தின் போர்ட்ஸ்மத் எதிரே நடுக்கடலில் ஏன் வட்டக் கோட்டைகள்?

பிரான்சுக்குப் பயந்துதான். 1858-இல் அது ‘குளுவார்’ என்ற இரும்புக்கவசக் கப்பலைக் கட்டத் தொடங்கியதும், போர்ட்ஸ்மத் கடற்படைத் தளத்தைக் கரைப் பீரங்கிகளால் மட்டும் காக்க முடியாது என்று பிரிட்டிஷ் அரசு கலங்கியது. 1859-இல் அமைத்த ஆணையத்தின் பரிந்துரையில் சோலென்ட் நீரிணையில் எழுந்தவையே ஸ்பிட்பேங்க், ஹார்ஸ் சாண்ட், நோ மேன்ஸ் லேண்ட், செயின்ட் ஹெலன்ஸ் என்ற நான்கு கோட்டைகள். 1860-களில் தொடங்கிய வேலை 1880 வாக்கில்தான் முடிந்தது.

அடித்தளம்தான் பெரும்பாடு. மணல்திட்டின்மேல் பெரிய கற்பாளங்களை வளையமாக அடுக்கி, நடுவே களிமண்ணும் கூழாங்கல்லும் கொட்டி, மேலே தடிமனாகக் கான்கிரீட் போட்டார்கள். ஹார்ஸ் சாண்டும் நோ மேன்ஸ் லேண்டும் சுமார் 61 மீட்டர் விட்டம், சுற்றிலும் இரும்புக்கவசம். கரையை ஒட்டிய ஸ்பிட்பேங்க் சிறியது, அதற்குக் கடல்பக்கம் மட்டுமே கவசம். செயின்ட் ஹெலன்ஸில் தரை அமிழ்ந்ததால் வடிவமைப்பையே மாற்ற வேண்டியதாயிற்று. குடிநீருக்குக் கடலடியைத் துளைத்துக் கிணறு இறக்கினார்கள்.

கட்டி முடிப்பதற்குள் பிரெஞ்சு அச்சுறுத்தல் தணிந்துவிட்டது. கட்டத் தொடங்கியபோது பிரதமராக இருந்த பாமர்ஸ்டனின் பெயரால் ‘பாமர்ஸ்டனின் முட்டாள்தனங்கள்’ என்ற கேலி அதனால்தான். என் பார்வையில் அது பாதி நியாயமே. பின்னாளில் போர்ட்ஸ்மத்தின் சவுத்ஸீ கரையிலிருந்து ஹார்ஸ் சாண்ட் வரை கான்கிரீட் கட்டைகளால் நீரடித் தடுப்பு போட்டார்கள். அது இன்றும் கிடக்கிறது. படகோட்டிகள் அதிலுள்ள திறப்புகள் வழியாகத்தான் கடக்க வேண்டும். 1956-இல் கரைப் பீரங்கிப்படை கலைக்கப்பட்டது. கோட்டைகள் பின்னர் தனியார் கைக்குப் போயின.