ஆஸ்திரியச் சீருடையில் இத்தாலியர்கள் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

சேஸரே பட்டிஸ்டி பற்றிய தங்கள் கட்டுரையைப் படித்தேன். வியன்னா நாடாளுமன்றத்தில் உறுப்பினராக இருந்தவர், முதல் உலகப் போரில் எல்லை தாண்டி இத்தாலியப் படையில் சேர்ந்து, போர்க்களத்தில் பிடிபட்டு, 1916 ஜூலை 12 அன்று சொந்த ஊரான திரெந்தோவிலேயே தூக்கிலிடப்பட்டார் என்று எழுதியிருந்தீர்கள். அதே கட்டுரையில், அப்போது ஆஸ்திரியாவின் கீழ் இருந்த, இத்தாலி மொழி பேசும் திரெந்தினோ பகுதியிலிருந்து ஆஸ்திரிய-ஹங்கேரியப் படையில் இருந்தவர்கள் 55,000 முதல் 60,000 பேர், இத்தாலியப் பக்கம் போனவர்கள் ஏறத்தாழ 700 பேர் என்றும் வருகிறது. அப்படியென்றால் பட்டிஸ்டிதான் விதிவிலக்கு, மற்றவர்களுக்கு இன உணர்வே இல்லை என்றுதானே ஆகிறது? அல்லது வெறும் பயமா? ஆஸ்திரியாவின் துறைமுக நகரமாக இருந்த திரியெஸ்தேயின் 97ஆம் ரெஜிமெண்ட் ‘ஓட்டப்படை’ என்று பெயரெடுத்ததாகவும் படித்திருக்கிறேன். நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தோடு இதை ஒப்பிடலாமா?

கா., திருச்சி

அன்புள்ள கா.,

இரண்டு எண்களும் சரிதான். ஆனால் ஒன்று சட்டம் இழுத்துக்கொண்டு போனவர்களின் கணக்கு, மற்றது தானாகப் போனவர்களின் கணக்கு. இரண்டையும் கழித்துப் பார்த்து இன உணர்வு எவ்வளவு என்று சொல்ல முடியாது.

தேதிகளைப் பாருங்கள். ஆஸ்திரியா 1868இலிருந்தே கட்டாய ராணுவ சேவை உள்ள நாடு. பொது அணிதிரட்டல் ஆணை 1914 ஜூலை 31 அன்று வந்தது. 42 வயது வரையிலான ஆண்கள் சில நாட்களுக்குள் முகாமில் இருக்க வேண்டும். அன்று இத்தாலி, ஆஸ்திரியாவின் எதிரி அல்ல, முக்கூட்டு உடன்படிக்கையில் அதன் கூட்டாளி. ஆகஸ்ட் தொடக்கத்தில் நடுநிலை என்று அறிவித்தது. போரில் இறங்கியது 1915 மே 24 அன்று. இடையில் கிட்டத்தட்ட பத்து மாதம். அந்தப் பத்து மாதத்தில் திரெந்தினோவின் விவசாயி மகன், ரஷ்ய எல்லையோரம் இருந்த ஆஸ்திரிய மாகாணமான கலீசியாவுக்கு ரயிலேற்றப்பட்டு, அங்கே செத்திருப்பான், காயம்பட்டிருப்பான், அல்லது ரஷ்யர்களிடம் கைதியாகியிருப்பான். 1914 ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களின் கலீசியப் போர்களில் மட்டும் ஆஸ்திரிய-ஹங்கேரியப் படை இழந்தவர்கள் ஏறத்தாழ நான்கு லட்சம். அதில் கைதிகள் ஒரு லட்சம். இத்தாலி அழைத்தபோது வருவதற்கு அவன் ஊரிலேயே இல்லை. அந்த 700 பேரில் மாணவர்களும் படித்தவர்களும் அதிகம் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். நேரத்தோடு எல்லை தாண்ட வசதியும் தொடர்பும் வேண்டும்.

இனி, ஆஸ்திரியப் படை இத்தாலி மொழி வீரர்களை எப்படிப் பிடித்து வைத்திருந்தது என்பது. இன உணர்வை அது நசுக்கியதாக நினைக்கிறோம். உண்மையில் அதைத் தொடாமல் சுற்றிக்கொண்டு போகும் ஏற்பாடுதான் இருந்தது. படையில் மொழி மூன்று தட்டாக இருந்தது. கட்டளை மொழி ஜெர்மன்; ‘கவனம்’, ‘சுடு’, ‘திரும்பு’ என்பதுபோல 80 சொற்கள் வரை, அவ்வளவுதான். அலுவல் மொழியும் ஜெர்மன், ஆனால் அது தலைமையகங்களுக்கு இடையிலான கடிதப் போக்குவரத்துக்கு. மூன்றாவது ரெஜிமெண்ட் மொழி. ஒரு ரெஜிமெண்டில் ஐந்தில் ஒரு பங்குப் பேர் பேசினாலே அந்த மொழிக்கு அந்த இடம் உண்டு. பயிற்சி, விளக்கம், திட்டு எல்லாம் அதில்தான் நடக்கும். புதிதாக வரும் அதிகாரி மூன்று ஆண்டுக்குள் அதைக் கற்றுத் தேற வேண்டும். விசுவாச உறுதிமொழியும் அவரவர் மொழியிலேயே. அந்த உறுதிமொழி ஒரு தேசத்துக்கு அல்ல, பேரரசர் என்ற ஒரு மனிதருக்கு. அதனால்தான் 1916 நவம்பரில் பிரான்ஸ் ஜோசப் இறந்ததும் புதிய பேரரசர் கார்ல் பெயரில் எல்லாரும் மறுபடி உறுதியெடுக்க வேண்டியிருந்தது. இத்தாலி மொழியில், ஆஸ்திரியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் வம்சத்துப் பேரரசருக்குச் சத்தியம் செய்வதில் முரண்பாடு எதையும் அந்தப் பையன் உணர்ந்திருக்க வேண்டியதில்லை. அவன் பாட்டனும் அதையே செய்தவன்.

இந்த ஏற்பாட்டில் ஓர் ஓட்டை இருந்தது. மொழி தெரிந்த பழைய அதிகாரிகள் இருக்கும்வரைதான் அது ஓடும். முதல் சில மாதங்களில் அவர்கள் கூட்டம் கூட்டமாக மடிந்தார்கள். அவர்களுக்குப் பதிலாக அவசரத்தில் பயிற்சி பெற்று வந்த ரிசர்வ் அதிகாரிகளுக்கு அந்த 80 சொற்களுக்கு மேல் தம் ஆட்களோடு பேச வழியில்லை. சந்தேகம் அங்கே புகுந்தது.

97ஆம் ரெஜிமெண்ட் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அதில் இத்தாலியர்கள் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்குதான். ஸ்லோவேனியர்களும் குரோட்டியர்களும் சேர்ந்தால்தான் பெரும்பான்மை. ‘ஓட்டப்படை’ என்பது கேலிப் பெயர். இத்தாலியர் என்றாலே ஓடுவார்கள் என்று காட்ட ஒரு தரப்பு அதைப் பயன்படுத்தியது. ஆஸ்திரியாவுக்காகச் சாக மறுத்தார்கள் என்று காட்ட இன்னொரு தரப்பு. இரண்டுக்கும் அந்த ரெஜிமெண்டின் இறந்தோர் பட்டியல் இடம் தராது.

1915 மே மாதத்துக்குப் பிறகு நிலைமை தலைகீழ். இத்தாலி மொழி பேசும் வீரர்களைப் பொதுவாக இத்தாலியப் போர்முனைக்கு அனுப்பாமல் கிழக்கிலேயே வைத்தார்கள். ‘அரசியல் ரீதியாக நம்பத்தகாதவர்’ என்ற குறிப்பு பலருடைய ஆவணங்களில் ஏறியது. ஊரில், எல்லையோரக் கிராமங்களைக் காலிசெய்து 70,000க்கும் மேற்பட்டவர்களை ரயிலேற்றிப் பேரரசின் உட்பகுதிகளுக்கு அனுப்பினார்கள். பலர் மிட்டர்ன்டார்ஃப் போன்ற மரக்கொட்டகை முகாம்களில் கிடந்தார்கள். சந்தேகத்துக்குரியவர்களுக்குத் தனியாக லின்ஸ் அருகே காட்செனாவ் முகாம். இத்தாலியப் படை தான் பிடித்த பள்ளத்தாக்குகளைக் காலிசெய்து அங்கிருந்தவர்களை இத்தாலிக்குள் அனுப்பியது. கணவன் கலீசியாவில், மனைவி ஆஸ்திரியக் கொட்டகையில், அண்ணன் குடும்பம் இத்தாலியில் என்பது சாதாரணமாக நடந்தது.

உண்மையிலேயே ‘நீ யார் பக்கம்?’ என்று கேட்கப்பட்ட இடம் ரஷ்யக் கைதி முகாம்கள். ரஷ்யர்களிடம் இருந்த இத்தாலி மொழிக் கைதிகள் ஏறத்தாழ 25,000 பேர். 1914 அக்டோபரிலேயே இவர்களை இத்தாலிக்குத் தருகிறோம் என்று ஜார் அரசு சொன்னது. நடுநிலை நாடாக அவர்களை வாங்கினால் மீண்டும் போருக்குப் போகாமல் காவலில் வைக்க வேண்டும். ஆஸ்திரியாவோடு தகராறும் வரும். ரோம் தட்டிக்கழித்தது. போரில் இறங்கிய பிறகுதான் ஆர்வம் காட்டியது. தம்போவ் மாகாணத்தில் கிர்சனோவ் என்ற சிற்றூரைச் சேர்ப்பிடமாக்கி, 1916இல் ஒரு ராணுவக் குழுவையும் அனுப்பியது.

வழிமுறை எளிதாகத்தான் தெரிந்தது. முதலில் கைதி, இத்தாலிக்குப் போக விருப்பம் என்று அறிவிக்க வேண்டும். பிறகு அவன் ஊர், மொழி ஆகியவற்றை அதிகாரிகள் விசாரிப்பார்கள். ஆஸ்திரிய ஒற்றர்கள் நுழைந்துவிடுவார்கள் என்ற அச்சம் ரோமுக்கு எப்போதும் இருந்தது. தேறியவன் கிர்சனோவுக்கு மாற்றப்படுவான், அங்கிருந்து அர்க்காங்கெல்ஸ்க் துறைமுகம், கப்பலில் இங்கிலாந்து, ரயிலில் பிரான்ஸ் வழியாகத் தூரின். 1916 செப்டம்பருக்கும் நவம்பருக்கும் இடையே மூன்று தவணையாக ஏறத்தாழ 4,000 பேர் இப்படிப் போனார்கள். அதன்பிறகு அந்தத் துறைமுகம் இருக்கும் வெண்கடல் உறைந்தது. அடுத்த வசந்தத்துக்குள் ரஷ்யாவில் புரட்சி. மீந்தவர்களில் ஒரு பகுதியைக் கோஸ்மா மானெரா என்ற அதிகாரி சைபீரியா வழியாக விளாதிவஸ்தோக்குக்கும், சீனாவில் தியென்ட்சினில் இருந்த இத்தாலியக் குடியிருப்புக்கும் கொண்டு சேர்த்தார். சிலர் வீடு திரும்ப 1920 ஆனது.

25,000 பேரில் ஏன் இவ்வளவு குறைவு? முகாம்கள் ரஷ்யா முழுவதும் சிதறிக் கிடந்தன. பண்ணை வேலைக்குப் போனவர்களுக்குச் செய்தி எட்டவே இல்லை. எட்டியவர்கள் கணக்குப் போட்டார்கள். 1912ஆம் ஆண்டுச் சட்டப்படி, அணிதிரட்டப்பட்டவரின் குடும்பத்துக்கு ஆஸ்திரிய அரசு உதவித்தொகை கொடுத்துவந்தது. மகன் இத்தாலிக்குப் போகிறான் என்று தெரிந்தால் அவன் துரோகி. உதவித்தொகை நிற்கும், சொத்தும் போகலாம். கைதிகளின் கடிதங்களோ வியன்னாவின் தணிக்கையைத் தாண்டித்தான் ஊருக்குப் போகும். இன்னொன்றும் உண்டு. ஆஸ்திரியா வென்றுவிட்டால் என்ன செய்வது? 1916இல் அது கற்பனை அல்ல. இதைப் பயம் என்று நீங்கள் சொல்லலாம். குடும்பத் தலைவனின் நிதானம் என்பேன் நான்.

பட்டிஸ்டிக்கு நேர்ந்தது எல்லாருக்கும் தெரிந்திருந்தது. ஆஸ்திரியக் குடிமகன் இத்தாலியச் சீருடையில் பிடிபட்டால் அவன் போர்க்கைதி ஆகமாட்டான், தூக்குதான். இந்த ஆபத்து முதலிலிருந்தே தெரிந்ததால் அந்த 700 பேரில் பலர் புனைபெயரில் பதிவுசெய்தார்கள். பட்டிஸ்டியோடு அதே நாளில் தூக்கிலிடப்பட்ட ஃபாபியோ ஃபில்சி, புருசரோஸ்கோ என்ற பெயரில் இருந்தவர். இருவரும் பிடிபட்ட இடத்தில் பட்டிஸ்டியை அடையாளம் சொன்ன ஆஸ்திரிய இளநிலை அதிகாரியும் ஒரு திரெந்தினோக்காரர்தான்.

போர் முடிந்ததும் கதை சுமுகமாகிவிடவில்லை. 1918 நவம்பரில் வீடு திரும்பிக்கொண்டிருந்த திரெந்தினோ வீரர்களை ‘மீட்க’ வந்த இத்தாலியப் படையே பிடித்து, எதிரிச் சீருடையில் இருந்தவர்கள் என்று தெற்கே இசெர்னியா முதலிய ஊர்களின் முகாம்களுக்கு அனுப்பியது. பதினோராயிரத்துக்கும் மேற்பட்ட திரெந்தினோ வீரர்கள் ஆஸ்திரியப் பக்கம் இறந்திருந்தார்கள். புதிய அரசின் பொது நினைவில் அவர்களுக்கு இடமில்லை. திரெந்தோவுக்கு வடக்கே உள்ள போல்சானோவில், ஆஸ்திரியப் படையின் திரோல் காலாட்படையான கைசர்யேகர் ரெஜிமெண்டுகளுக்குக் கட்டத் தொடங்கியிருந்த நினைவிடத்தை இடித்துவிட்டு, அதே இடத்தில் பாசிச அரசு 1928இல் வெற்றிச் சின்னம் திறந்தது. கைசர்யேகர்களில் இத்தாலி மொழி பேசியவர்களும் நிறைய உண்டு. உள்ளே பட்டிஸ்டியின் சிலையை வைத்தார்கள். சோஷலிஸ்டான அவர் பெயரை இதற்குப் பயன்படுத்துவதை அவருடைய மனைவி எர்னெஸ்டா பிட்டாந்தி எதிர்த்தார்.

இந்திய தேசிய ராணுவம் பற்றி: 1942 பிப்ரவரியில் சிங்கப்பூரில் கைதியான இந்திய வீரர்களோடு கிர்சனோவை ஒப்பிடலாம். அங்கேயும் பேரரசுக்குச் செய்த சத்தியம், ஊரில் பேரரசின் கையில் இருக்கும் குடும்பம், போர் எப்படி முடியும் என்று தெரியாத நிலை. ஆனால் சிங்கப்பூரில் சேர்ந்தவர்கள் பழைய படைக்கு எதிராகவே போரிடச் சேர்ந்தார்கள்; கிர்சனோவிலிருந்து போனவர்களைப் பொதுவாக இத்தாலி போர்முனைக்கு அனுப்பவில்லை. தவிர, இத்தாலி 1861 முதல் இருக்கும் ஓர் அரசு. 1915 லண்டன் ஒப்பந்தத்தில், ஜெர்மன் மொழி பேசும் பகுதியையும் சேர்த்து ஆல்ப்ஸ் மலையின் பிரென்னர் கணவாய் வரை கேட்டு வாங்கியது. நேதாஜியின் படையில் 1943க்குப் பிறகு சேர்ந்த தமிழர்களை இந்த ஒப்பீட்டில் கொண்டுவர வேண்டாம். அவர்களில் மிகப் பெரும்பாலோர் மலாயாவின் தோட்டத் தொழிலாளர்கள். அவர்கள் முன்பு எந்தப் பேரரசின் படையிலும் இருந்ததில்லை.