செல்ஃப் மோட்டாரை மாற்றச் சொல்கிறார்கள், மாற்றலாமா?

கேள்வி: என் கார் 14 வருடப் பழசு. பெட்ரோல், கையால் கியர் போடும் வண்டி. கொஞ்ச நாளாகச் சாவியைத் திருப்பினால் சில சமயம் ‘டக்’ என்று ஒரே ஒரு சத்தம், அத்தோடு சரி. விட்டுவிட்டுத் திரும்பத் திரும்பத் திருப்பினால் ஒன்றுமே நடக்காத மாதிரி ஸ்டார்ட் ஆகிவிடுகிறது. பேட்டரி போன வருடம்தான் போட்டேன். ஒர்க்‌ஷாப்பில் பானட்டைக்கூடத் திறக்காமல் “செல்ஃப் மோட்டார் போச்சு, புதுசு போடணும்” என்கிறார்கள். நம்பலாமா?

பதில்: அவர்கள் சொல்வது சரியாகவே இருக்கலாம். ஆனால் பானட்டைத் திறக்காமல் சொன்ன முடிவுக்குப் பணம் எடுத்து வைக்காதீர்கள். அதே ‘டக்’ சத்தத்தைப் பேட்டரி டெர்மினலில் பூத்திருக்கும் பச்சைப் பொடியும் கொடுக்கும், எஞ்சினிலிருந்து பாடிக்குப் போகிற எர்த் பட்டை (கரண்ட் பேட்டரிக்குத் திரும்பும் வழி) தளர்ந்திருந்தாலும் வரும். இரண்டும் சுத்தம் செய்து முறுக்கினால் தீர்ந்துபோகிற சமாசாரம்.

அந்தச் சத்தம் எங்கிருந்து வருகிறது என்று தெரிந்தால் பாதி விஷயம் புரிந்துவிடும். செல்ஃப் மோட்டார்தான் எஞ்சினை முதலில் சுற்றிக் கிளப்பிவிடுகிறது. அதன் முதுகில் சிறிய உருளை ஒன்று உட்கார்ந்திருக்கும், அதுதான் சொலினாய்டு. சாவியைத் திருப்பியதும் அது உள்ளே இருக்கும் இரும்புத் தண்டை இழுக்கிறது. தண்டு ஒரு பக்கம் பினியன் என்ற சின்னப் பல்சக்கரத்தைத் தள்ளி, எஞ்சினின் கனத்த சக்கரத்தைச் சுற்றியிருக்கும் பல் வளையமான ஃப்ளைவீல் ரிங்கோடு கோர்க்கிறது. மறுபக்கம், பயணத்தின் கடைசியில், ஒரு செம்புத் தட்டை இரண்டு தடித்த காண்டாக்ட்களின் மேல் அழுத்துகிறது. அப்போதுதான் பேட்டரியின் முழுக் கரண்டும் மோட்டாருக்குள் பாயும். சின்ன பெட்ரோல் எஞ்சினுக்கே 100 முதல் 200 ஆம்பியர் வரை. ஒவ்வொரு ஸ்டார்ட்டுக்கும் அந்தச் செம்பில் சின்னப் பொறி பறக்கிறது, துளி கருகுகிறது. பல வருடம் போனால் தட்டு வந்து மோதும், ‘டக்’ கேட்கும், கரண்ட் மட்டும் போகாது. தட்டு அவ்வப்போது கொஞ்சம் சுழன்று கருகாத இடம் காண்டாக்டில் பட்டால் அன்றைக்கு வண்டி கிளம்பும். நீங்கள் சொல்கிற ‘சில சமயம் எடுக்கும், சில சமயம் எடுக்காது’ இதோடு நன்றாகவே பொருந்துகிறது. மோட்டாரின் சுற்றும் பகுதிக்குக் கரண்ட்டைக் கொடுக்கும் கார்பன் பிரஷ் தேய்ந்து குட்டையாகியிருந்தாலும் இதே கூத்துதான்.

சரி, எப்படி உறுதி செய்வது? இருட்டில் ஹெட்லைட்டைப் போட்டுவிட்டுச் சாவியைத் திருப்புங்கள். ‘டகடகடக’ என்று வரிசையாக அடித்து விளக்கு செத்துப்போனால் பேட்டரியோ அதன் இணைப்போ பலவீனம். ஒரே ‘டக்’, விளக்கு அசையாமல் பிரகாசமாக எரிகிறது என்றால் கரண்ட் மோட்டாருக்குள் போகவே இல்லை. ஒரே ‘டக்’, விளக்கும் பலமாக மங்குகிறது, பேட்டரியும் இணைப்பும் நல்லவை என்றால் மோட்டார் இறுகியிருக்கலாம். அபூர்வமாக எஞ்சினே இறுகியிருக்கும். எஞ்சினின் நுனியில் பெல்ட் ஓடும் சக்கரமான கிராங்க் புல்லியில் ஸ்பேனர் போட்டுக் கையால் சுற்றிப் பார்த்தால் அது தெரிந்துவிடும்.

போன வருடம் போட்ட பேட்டரி என்பது நல்ல பேட்டரி என்பதற்குச் சாட்சி இல்லை. வண்டி சில மணி நேரம் சும்மா நின்ற பிறகு மல்டிமீட்டரில் பாருங்கள். 12.6 வோல்ட் இருந்தால் நிறைந்திருக்கிறது, 12.2 என்றால் பாதிதான். ஓட்டிவிட்டு வந்த கையோடு அளந்தால் பொய்யாக அதிகம் காட்டும். ஸ்டார்ட் செய்யும்போது 10-க்குக் கீழே இறங்காமல் இருப்பது நல்லது. 9.6-க்கும் கீழே போனால் பேட்டரி தளர்ந்துவிட்டது, அல்லது மோட்டார் அளவுக்கு மீறி இழுக்கிறது. வேறு நல்ல பேட்டரியிலிருந்து ஜம்பர் கேபிளால் இணைத்துப் பார்த்தால் இதில் எது என்று தெரியும்.

அடுத்த சோதனையைத்தான் பெரும்பாலும் யாரும் செய்வதில்லை. தொட்டி நிறையத் தண்ணீர் இருந்தும் குழாயில் அடைப்பு இருந்தால் என்ன ஆகுமோ, கேபிளுக்குள் துரு ஏறினாலும் அதுதான் ஆகும். கியரை நியூட்ரலில் போட்டு, கைபிரேக்கை இழுத்து, எஞ்சின் பிடித்துக்கொள்ளாமல் இருக்கப் பெட்ரோல் பம்ப்பின் ஃபியூஸைக் கழற்றிவிடுங்கள். மீட்டரின் ஒரு முனையைப் பேட்டரியின் பிளஸ் ஈயக் கம்பத்தில் வையுங்கள். மேலே மாட்டியிருக்கும் கிளாம்பில் அல்ல, கம்பத்திலேயே. இன்னொரு முனை மோட்டாரில் தடித்த கேபிள் வந்து சேரும் போல்ட்டில். ஒருவர் சாவியைத் திருப்பட்டும். அரை வோல்ட்டுக்கு மேல் காட்டினால் கேபிளும் அதன் முனையில் இருக்கும் லக்கும்தான் குற்றவாளி. பிறகு பேட்டரியின் மைனஸ் கம்பத்துக்கும் மோட்டாரின் வெறும் உடம்புக்கும் நடுவே பாருங்கள். 0.3-க்கு மேல் போனால் எர்த் சரியில்லை. இந்த அளவுகள் மோட்டார் சுற்றும்போதுதான் பேசும். கரண்ட் ஓடாதபோது மோசமான கேபிளும் சுத்தமாகவே தெரியும்.

இரண்டும் நன்றாக இருந்தால், ‘டக்’ அடித்தும் சுற்றாத அந்த நேரத்தில் சொலினாய்டின் இரண்டு பெரிய போல்ட்டுகளுக்கு நடுவே மீட்டரை வையுங்கள். பேட்டரியின் முழு வோல்ட்டும் காட்டினால் உள்ளே காண்டாக்ட் கருகிவிட்டது. கிட்டத்தட்ட பூஜ்யம் காட்டியும் மோட்டார் சுற்றவில்லை என்றால் கரண்ட் வந்து நிற்கிறது, பிரஷோ ஆர்மேச்சரோ (உள்ளே சுற்றும் சுருள் பகுதி) வாங்கிக்கொள்ளவில்லை.

மீட்டர் பிடிக்கத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. “ஸ்டார்ட் பண்ணும்போது மோட்டார் போல்ட்டில் எத்தனை வோல்ட் வருது?” என்று ஒர்க்‌ஷாப்பில் கேளுங்கள். எண்ணைச் சொல்கிறவரிடம் வேலையைக் கொடுங்கள். எரிச்சல்படுகிறவரிடமிருந்து வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிடுங்கள். அது மட்டும் ஸ்டார்ட் ஆக வேண்டும்!

கேள்வி: மோட்டார்தான் கெட்டிருக்கிறது என்று சோதித்தே சொல்லிவிட்டார்கள். கம்பெனி புதுசு, வேறு பிராண்ட் புதுசு, ரீகண்டிஷன் செய்தது, பழைய வண்டியில் கழற்றியது, இருப்பதையே ரிப்பேர் செய்வது என்று ஐந்து வழி சொல்கிறார்கள். எதில் பணத்தைப் போடலாம்?

பதில்: பழைய காருக்கு என் முதல் ஓட்டு ரிப்பேருக்கு. வண்டியோடு வந்த அசல் மோட்டாரின் உடம்பும் ஆர்மேச்சரும் பெரும்பாலும் இன்னும் பல வருடம் தாங்கும். தேய்வது பிரஷ், புஷ் (ஆர்மேச்சரின் தண்டைத் தாங்கும் வளையம்), சொலினாய்டு காண்டாக்ட், பெண்டிக்ஸ் (பினியனும் அதை ஒரு திசையில் மட்டும் பிடிக்கும் கிளட்சும்). இவை தனித்தனியாகக் கிடைக்கிற மாடல்தானா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். ஆட்டோ எலக்ட்ரீஷியன் பிரித்து வைத்திருக்கும்போது நேரில் போய்ப் பாருங்கள். ஆர்மேச்சரின் நுனியில் பிரஷ் உரசும் செம்புப் பட்டைகள் வழவழப்பாக, லேசான பழுப்பு நிறத்தில் இருந்தால் நல்லது. இரண்டு பட்டைகள் மட்டும் கருகிக் குழி விழுந்திருந்தால் உள்ளே சுருள் அறுந்திருக்க வாய்ப்பு உண்டு. அதற்குப் புதுப் பிரஷ் போடுவது வீண். ஆர்மேச்சரின் இரும்புப் பகுதியில் ஒரு பக்கம் பளபளவென்று தேய்ந்த தடம் இருந்தால் புஷ் தளர்ந்து சுவரில் உரசியிருக்கிறது என்று பொருள்.

‘ரீகண்டிஷன்’ என்ற லேபிளுக்கு மட்டும் நான் மதிப்புக் கொடுப்பதில்லை. அதற்குள் என்னென்ன மாற்றினார்கள் என்பதைக் கேட்டு வாங்க வேண்டும். நன்றாகக் கழுவிக் கறுப்பு பெயின்ட் அடித்ததும் ரீகண்டிஷன்தான், பிரஷ், புஷ், பெண்டிக்ஸ், சொலினாய்டு எல்லாம் புதிதாகப் போட்டு பெஞ்சில் லோடு கொடுத்துச் சோதித்ததும் ரீகண்டிஷன்தான். விலை மட்டும் சொல்லி மற்றதைச் சொல்லாத கடையை விட்டுவிடலாம். பழைய மோட்டாரைத் திருப்பிக் கொடுத்தால் விலையில் குறைப்பார்கள். அந்தத் தொகையைப் பில்லில் தனியாகப் போடச் சொல்லுங்கள். புதியது சரியாகப் பொருந்தி ஒரு வாரம் ஓடும்வரை பழையதைக் கொடுக்காமல் இருக்க முடிந்தால் இன்னும் நல்லது.

புதிதாக வாங்கினால் வண்டியின் பெயரையும் வருடத்தையும் மட்டும் சொல்லி வாங்காதீர்கள். ஒரே மாடலில் இரண்டு எஞ்சின் இருக்கும், மேனுவலுக்கும் ஆட்டோமேட்டிக்குக்கும் மோட்டார் வேறாக இருக்கலாம். பழைய மோட்டாரின் உடம்பில் பொறித்திருக்கும் பார்ட் நம்பரை போட்டோ எடுத்துக்கொண்டு போங்கள். கடையிலேயே பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பினியனின் பற்களை எண்ணுங்கள். போல்ட் துளைகளின் இடம், கிலோவாட் அளவு, சுற்றும் திசை எல்லாம் ஒத்துப்போக வேண்டும். ஒரு பல் குறைந்தாலும் வேண்டாம்.

வண்டிப் பிரிப்பகத்தில் கழற்றியது கடைசி வழி. அந்த வண்டி எத்தனை ஆயிரம் முறை ஸ்டார்ட் ஆகியிருக்கிறது என்று யாருக்கும் தெரியாது. எப்படியும் பிரித்து வேலை பார்க்கத்தான் போகிறீர்கள், அதை உங்கள் மோட்டாரிலேயே பார்த்துவிடலாம்.

கேள்வி: ஸ்டார்ட் ஆகாதபோது சுத்தியலால் மோட்டாரைத் தட்டினால் எடுக்கிறது. இப்படியே ஓட்டலாமா?

பதில்: தட்டியதும் எடுத்தால் பெரும்பாலும் சிக்கியிருந்த பிரஷ் நகர்ந்து செம்பைத் தொட்டது என்று பொருள். நோய் தெரிந்துவிட்டது, ஆனால் தீரவில்லை. இன்னொன்று: கொஞ்சம் பிந்தைய காலத்து மோட்டார்கள் பலவற்றில் சுருளுக்குப் பதில் நிரந்தரக் காந்தம் உள்சுவரில் ஒட்டியிருக்கும். அது பீங்கான் மாதிரி உடையக்கூடியது. பலமாக ஒரு அடி போட்டால் பிரஷ் பிரச்சினை போய்க் காந்தம் உடைந்த பிரச்சினை வந்துவிடும். வீட்டுக்குப் போய்ச் சேர ஒரு தடவை லேசாகத் தட்டலாம், அவ்வளவே.

கேள்வி: காலையில் சட்டென்று எடுக்கிறது. நீண்ட தூரம் ஓட்டி நிறுத்திவிட்டு உடனே திருப்பினால் மட்டும் எஞ்சின் இழுத்து இழுத்துச் சுற்றுகிறது. பேட்டரி கடையில் பேட்டரி நன்றாக இருக்கிறது என்கிறார்கள்.

பதில்: பேட்டரி கடையில் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்கள். சூடானால் செம்புச் சுருளின் மின்தடை கூடும், தேய்ந்த புஷ்ஷில் ஆர்மேச்சர் சாய்ந்து சுவரில் உரசும். சைலன்சர் குழாய் மோட்டாரை ஒட்டிப் போகிற வண்டிகளில் இது சகஜம். கேபிளைக் கவ்வி ஆம்பியரை அளக்கும் கிளாம்ப் மீட்டரால் சூட்டிலும் குளிரிலும் கரண்ட்டை அளந்தால் வித்தியாசம் தெரியும். சூட்டில் மெதுவாகச் சுற்றிக்கொண்டே கரண்ட் அதிகம் இழுத்தால் புஷ் மாற்றும் நேரம் வந்துவிட்டது. மெதுவாகச் சுற்றிக் கரண்ட்டும் குறைவாக இழுத்தால் மோட்டாரை விடுங்கள், கேபிளையும் எர்த்தையும் பாருங்கள். வெப்பத் தடுப்புத் தகடு ஒன்று இருந்து, முந்தைய வேலையில் யாராவது கழற்றி மாட்டாமல் விட்டிருக்கிறார்களா என்றும் குனிந்து பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: புது மோட்டார் போட்டும் சில சமயம் ‘கர்ர்ர்’ என்று பல் உரசும் சத்தம். இப்போது ஃப்ளைவீல் ரிங் போய்விட்டது, கியர்பாக்ஸை இறக்க வேண்டும் என்கிறார்கள். ஏமாற்றுகிறார்களா?

பதில்: ஏமாற்று என்று சொல்ல முடியாது, ஆனால் முதலிலேயே பார்த்திருக்க வேண்டியது. பழைய மோட்டாரைக் கழற்றியபோது திறந்த அந்த ஓட்டை வழியே டார்ச் அடித்து, எஞ்சினைக் கையால் ஒரு முழுச் சுற்று சுற்றியிருந்தால் ரிங்கின் எல்லாப் பற்களும் கண்ணில் பட்டிருக்கும். நாலு சிலிண்டர் எஞ்சின் அணையும்போது பெரும்பாலும் ஒரே இரண்டு இடங்களில்தான் வந்து நிற்கும். அதனால் ரிங்கில் அங்கே மட்டும் பல் மழுங்கும். உரசும்போது நிறுத்தி, எஞ்சினைக் கொஞ்சம் சுற்றிவிட்டு மறுபடி ஸ்டார்ட் செய்யுங்கள். சத்தம் போய்விட்டால் ரிங் மேல்தான் சந்தேகம். எல்லா இடத்திலும் உரசினால் மோட்டார் பொருந்தவில்லை. பல் எண்ணிக்கை தவறாக இருக்கலாம், பழைய மோட்டாரின் கீழே இடைவெளியைச் சரிசெய்ய வைத்திருந்த ஷிம் தகடு தரையில் விழுந்து போயிருக்கலாம். பினியன் சுற்றி ‘விர்ர்’ என்று மட்டும் கேட்டு எஞ்சின் அசையாமல் இருந்தால் அது வேறு கதை, பெண்டிக்ஸ் வழுக்குகிறது.

மோட்டாரை மறுபடி கழற்றி, மழுங்கிய பல்லை உங்கள் கண்ணால் காட்டச் சொல்லுங்கள். காட்டிவிட்டார்கள் என்றால் சம்மதியுங்கள். கியர்பாக்ஸ் இறங்குகிற அன்றே கிளட்ச் பிளேட்டையும் பார்த்துவிடுங்கள். கூலி ஒருமுறைதான்.

கேள்வி: நானே மாற்றிக்கொள்ள முடியுமா?

பதில்: மோட்டார் மேலிருந்தே கைக்கு எட்டுகிற வண்டி என்றால் தாராளமாக. இரண்டு அல்லது மூன்று போல்ட், ஒரு தடித்த கேபிள், ஒரு மெல்லிய வயர். பேட்டரியின் மைனஸை முதலில் கழற்றாமல் ஸ்பேனரைத் தொடாதீர்கள். அந்தத் தடித்த கேபிளுக்குப் பெரும்பாலான வண்டிகளில் ஃபியூஸ் கிடையாது. ஸ்பேனர் பாடியில் பட்டால் வெல்டிங்தான். அப்புறம், மோட்டார் உட்காரும் இடத்தைத் தேய்த்து உலோகம் தெரிய விடுங்கள். எர்த் போவதே அந்த வழியாகத்தான். எஞ்சினுக்குக் காற்றைக் கொண்டுபோகும் இன்டேக் மேனிஃபோல்டுக்கு அடியில் மோட்டார் ஒளிந்திருக்கிற வண்டியா? கூலியைக் கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: மாற்றிய மோட்டார் மூன்றே வாரத்தில் எரிந்துவிட்டது. எலக்ட்ரிக்கல் பொருளுக்கு வாரண்டி இல்லை என்கிறார் கடைக்காரர்.

பதில்: பில்லிலோ பெட்டிக்குள் இருந்த அட்டையிலோ என்ன எழுதியிருக்கிறது என்று முதலில் பாருங்கள். தயாரித்த கம்பெனி வாரண்டி அட்டை கொடுத்திருந்தால் கடையின் வாய்ச்சொல்லுக்கு அங்கே வேலை இல்லை. கோரிக்கையை எழுத்தில் கொடுத்து, வாங்கிக்கொண்டதாகக் கையெழுத்துக் கேளுங்கள். மோட்டாரை நீங்களாகப் பிரிக்க வேண்டாம், பிரித்தால் உங்கள் பக்கம் பலவீனமாகிவிடும்.

அதோடு, ஏன் எரிந்தது என்ற கேள்விக்கும் பதில் கையில் இருக்கட்டும். கம்பெனி ஆளும் அதைத்தான் கேட்பார். எஞ்சின் பிடிக்காதபோது விடாமல் அரை நிமிடம் சாவியைத் திருப்பிப் பிடித்திருந்தால் எந்த மோட்டாரும் வெந்துபோகும். ஒரு முறைக்கு 10 வினாடி, பிறகு அரை நிமிடமாவது ஓய்வு. ஸ்டார்ட் ஆன பிறகும் சாவி சுவிட்சோ ரிலேவோ ஒட்டிக்கொண்டு மோட்டாரை விடாமல் சுற்றியிருந்தாலும் எரியும். மேலே எஞ்சினின் மூடியான வால்வ் கவரிலிருந்து சொட்டிய ஆயில் உள்ளே இறங்கியிருந்தாலும் பிரஷ் நாசம்தான். இவற்றைச் சரிசெய்யாமல் மாற்று மோட்டாரைப் போட்டால் அதுவும் அதே வழியில் போகும். கடையில் மாற்றிக் கொடுக்கச் சம்மதித்தால், பொருத்தும் அன்றைக்கே ஸ்டார்ட்டிங் வோல்ட்டையும் ஆம்பியரையும் அளந்து, தேதியோடு பில்லின் பின்பக்கத்தில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.