ஜேம்ஸ் ஆர்தர் ரே யார், ஏன் சிறைக்குப் போனார்?

ஆன்மிகத்தையும் பணக்காரனாகும் ஆசையையும் கலந்து வகுப்பெடுத்த 'சுயமுன்னேற்ற குரு' வகை அமெரிக்கர். 2006-இல், நினைப்பதே நடக்கும் என்று சொல்லும் 'தி சீக்ரெட்' ஆவணப்படத்தில் வந்த பிறகுதான் பெயர் ஏறியது. 2009 அக்டோபரில் அரிசோனாவில் ஆளுக்குச் சுமார் 10,000 டாலர் வாங்கிக்கொண்டு நடத்திய முகாமில், ஐம்பதுக்கும் மேற்பட்டவர்களை மூடிய கூடாரத்துக்குள் உட்காரவைத்து, பழுக்கக் காய்ந்த கற்களில் தண்ணீர் ஊற்றி ஆவி கிளப்பினார். மூன்று பேர் இறந்தார்கள்.

சரி, பலர் ஏன் வெளியே வரவில்லை? கட்டிய பணமும் 'தாங்கினால்தான் மாற்றம்' என்ற பேச்சும்தான். ஏற்காடு பஸ்ஸில் பத்தாவது கொண்டை ஊசி வளைவிலேயே வயிற்றைப் புரட்டினாலும், டிக்கெட் எடுத்தாச்சே என்று பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்போமே, அதேதான்.

அப்புறம், போதனைக்காக அவரை உள்ளே போட்டதாகச் சிலர் சொல்வது தவறு; 2011-இல் கிடைத்த இரண்டாண்டுச் சிறை, கவனக்குறைவால் மூன்று உயிர் போனதற்காக.