பாலே இசை நடத்துநராக விரும்பும் மகள்: எங்கிருந்து தொடங்குவது?

கேள்வி: நாங்கள் சுங்கை சிப்புட்டில் வசிக்கிறோம். என் கணவர் செம்பனைத் தோட்டத்தில் கிராணியாக இருக்கிறார். நான்காம் படிவத்தில் படிக்கும் எங்கள் மகள் பியானோவில் ஆறாம் தரம் தேறியிருக்கிறாள். சனிக்கிழமைகளில், கடைவீட்டு மாடியில் நடக்கும் பாலே வகுப்புக்கு வாசித்துக் கைச்செலவுக்குச் சம்பாதிக்கிறாள். அங்கே பியானோவைச் சுவரோரமாகப் போட்டிருப்பதால், ஆடும் பிள்ளைகளுக்கு முதுகைக் காட்டியே வாசிக்க வேண்டியிருக்கிறது என்பது மட்டும் அவளுக்குக் குறை. இப்போது பாலேவுக்கு இசைக்குழுவை நடத்தும் கண்டக்டர் ஆக வேண்டும் என்கிறாள். அது எப்படிப்பட்ட வேலை? அதை நம்பிப் பிழைக்க முடியுமா? பெண் பிள்ளைக்கு ஒத்துவருமா?

பதில்: தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்குக் கண்டக்டர் என்ற சொல் வெளிவேலையை மேற்பார்க்கும் உத்தியோகத்தரை நினைவூட்டும் என்பதால், இங்கே இசை நடத்துநர் என்றே எழுதுகிறேன். உங்கள் மகள் சனிக்கிழமைதோறும் அமர்கிற அந்தப் பியானோ இருக்கைதான் இத்தொழிலின் வாசல். பாலே இசை நடத்துநர்களில் பலர் அதன் வழியாகவே உள்ளே வந்தவர்கள். பல ஆண்டுகள் ஒத்திகை அறையில் வாசித்தவன் என்ற முறையில் இதை உறுதியாகச் சொல்கிறேன்.

பரதநாட்டிய அரங்கேற்றம் பார்த்தவர்களுக்கு இவ்வேலையின் உயிர்நாடி உடனே பிடிபடும். நட்டுவனாரின் கை தாளத்தில் இருந்தாலும் கண் ஆடுபவரின் காலில் இருக்கும். பாலேயில் அந்தக் கண்ணோடு ஒரு முழு இசைக்குழுவின் பொறுப்பும் சேர்கிறது. மேடைக்கு முன்னுள்ள பள்ளத்தில் அமர்ந்திருக்கும் இசைக்கலைஞர்களில் பெரும்பாலோருக்கு ஆட்டம் தெரியாது. சொற்கட்டு சொல்லி வழிநடத்தவும் இசை நடத்துநருக்கு இடமில்லை. கையசைவாலும் பார்வையாலுமே அனைத்தையும் உணர்த்த வேண்டும்.

கச்சேரி மேடையில் ஒரு படைப்பின் வேகத்தை நடத்துநர் தம் ரசனைப்படி முடிவு செய்யலாம். பாலேயில் ஆடுபவரின் உடல்வாகும் அதில் பங்கு கேட்கிறது. உயரத் தாவுகிறவர் காற்றில் நிற்கும் நேரம் அதிகம். இசை அவசரப்பட்டால் அவர் தரையைத் தொடுவதற்கு முன்பே தாளம் விழுந்துவிடும். நுனிக்காலில் நிற்கும் மெதுவான பகுதியில் இசையைச் சற்றுக் கூடுதலாக இழுத்துவிட்டாலோ கணுக்கால் நடுங்கத் தொடங்கும். சாய்கோவ்ஸ்கி இசையமைத்த 'தூங்கும் அழகி' பாலேயில் ரோஜா அடாஜியோ என்ற மெதுவான பகுதியில் நாயகி நான்கு இளவரசர்களின் கைகளை ஒருவர்பின் ஒருவராகப் பற்றி விடுத்து, நுனிக்காலில் தனித்து நிற்கிறாள். அவள் அன்றிரவு எவ்வளவு நேரம் நிற்பாள் என்பது அவளுக்கே முன்கூட்டித் தெரியாது, ஆனால் இசை அவளோடு சேர்ந்தே மூச்சுவிட வேண்டும். ஒரே பாத்திரத்தை மூன்று பேர் முறைவைத்து ஆடினால் மூவருடைய வேகமும் நடத்துநருக்கு அத்துப்படியாக இருக்க வேண்டும். தாவுமுன் முழங்காலை மடக்கும் ப்ளியேயைக் கொண்டே அடுத்த தாவலின் உயரத்தை அவர் கணிப்பதால், இசையேட்டில் பார்வையைப் பதித்திருப்பவர் இந்த வேலைக்கு ஆகமாட்டார்.

இசையை வெட்டவும் ஒட்டவும் தெரிந்திருப்பதும் இத்தொழிலில் உதவும். 1890இல் 'தூங்கும் அழகி'யையும் 1892இல் 'நட்கிராக்க'ரையும் முதன்முதலாக மேடையேற்றியபோது இசைக்குழுவை நடத்திய ரிக்கார்டோ திரிகோ, சாய்கோவ்ஸ்கி மறைந்த பிறகு, 1895இன் புதிய தயாரிப்புக்காக 'அன்ன ஏரி'யின் இசையைத் திருத்தியமைத்தார். மன உறுதியும் வேண்டும். 1913 மே 29 அன்று பாரிஸில் ஸ்ட்ராவின்ஸ்கியின் 'வசந்தச் சடங்கு' முதன்முறை அரங்கேறியபோது, பார்வையாளர்களின் கூச்சலில் ஆடுபவர்களுக்கு இசை சரியாகக் கேட்கவில்லை. நடனத்தை அமைத்த நிஜின்ஸ்கி பக்கத் திரையோரம் நின்று எண்ணிக்கையை உரக்கக் கத்திக்கொண்டிருக்க, பியர் மோந்தோ நிறுத்தாமல் கடைசிவரை நடத்தி முடித்தார்.

பெண் பிள்ளைக்கு ஒத்துவரும். ஆண்ட்ரியா குவின் லண்டன் ராயல் பாலேயிலும், பின்னர் நியூயார்க் சிட்டி பாலேயிலும் இசை இயக்குநராக இருந்தவர். இரவு வேலை, டிசம்பர் முழுவதும் ஓயாத காட்சிகள், நீண்ட பயணங்கள் ஆகியவை ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றுதான். நல்ல நிறுவனத்தில் நிலைத்துவிட்டால் வாழ்நாள் தொழிலாகவும் அமையும். ராபர்ட் இர்விங் நியூயார்க் சிட்டி பாலேயின் இசை இயக்குநராக 1958 முதல் 1989 வரை நீடித்தார்.

பிழைப்பைப் பற்றி மறைக்காமல் சொல்ல வேண்டும். நம் மலேசிய நாட்டுப் பாலே நிகழ்ச்சிகளில் பெரும்பாலும் பதிவு செய்த இசையே ஒலிக்கிறது. இந்த ஒரு வேலையை மட்டும் நம்பி இங்கே குடும்பம் நடத்துவது கடினம். வெளிநாட்டிலும் இடங்கள் மிகச் சில. ஆகவே அவள் முதலில் சிறந்த பியானோக் கலைஞராகவும் ஆசிரியராகவும் தகுதி பெறட்டும். பிள்ளைகளுக்குக் கற்பித்தும் ஒத்திகைகளுக்கு வாசித்தும் வரும் வருமானம், நடத்துநர் வாய்ப்புக்காகக் காத்திருக்கும் ஆண்டுகளைத் தாங்கும்.

ஐந்தாம் படிவ இறுதித் தேர்வான எஸ்.பி.எம். முடிப்பதற்குள் எட்டாம் தரத்தை எட்ட முயலட்டும். அதன்பின் தஞ்சோங் மாலிமில் உள்ள உப்சி, அல்லது யு.ஐ.டி.எம். போன்ற அரசுப் பல்கலைக்கழகங்களின் இசைப் படிப்புகளுக்கு விண்ணப்பிக்கலாம். இசை நடத்தும் கலையைப் பெரும்பாலும் பட்டப்படிப்புக்குப் பிறகே தனியாகப் பயில்கிறார்கள். இடையில் வயலினோ செல்லோவோ ஓரளவு கற்றுக்கொள்வது மிக அவசியம், ஏனெனில் இசைக்குழுவில் பாதிக்கும் மேற்பட்டோர் வில் பிடிப்பவர்கள். சாய்கோவ்ஸ்கியின் முழு இசையேடுகள் பதிப்புரிமை முடிந்தவை. இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. கோலாலம்பூருக்குப் போகும் வாய்ப்பு வந்தால், 1998 முதல் இயங்கும் மலேசிய ஃபில்ஹார்மோனிக் இசைக்குழுவின் கச்சேரி ஒன்றுக்கு அவளை அழைத்துச் செல்லுங்கள்.

இவற்றுக்கெல்லாம் முன்பாக, வரும் சனிக்கிழமையே செய்யக்கூடியது ஒன்று உண்டு. நீங்கள் எழுதியுள்ள அந்தக் குறை சின்ன விஷயமே அன்று. ஆசிரியையிடம் கேட்டுப் பியானோவைத் திருப்பிப் போடச் சொல்லுங்கள். விரல்களைப் பாராமல், பிள்ளைகளின் முழங்கால்களைப் பார்த்தே வாசிக்க அவள் பழகட்டும்.