ஜீவனாம்சத்தைக் கூட்டிக் கேட்டால் இருப்பதும் போய்விடுமா?

கேள்வி: 2017-ல் குடும்ப நல நீதிமன்றம் எனக்கு 3,000 ரூபாயும் மகனுக்கு 2,000 ரூபாயும் ஜீவனாம்சம் போட்டது. மகன் இப்போது பத்தாம் வகுப்பு. விவாகரத்து ஆகவில்லை. நான் ஜவுளிக் கடையில் 9,000 ரூபாய் சம்பளத்துக்குப் போகிறேன். கூட்டிக் கேட்டால் இருப்பதையும் நிறுத்திவிடுவார்கள் என்று பயமுறுத்துகிறார்கள். மாதம் ஆயிரம் கூட்டித் தருவதாகக் கணவர் ஒரு தரகர் மூலம் முத்திரைத்தாள் அனுப்பியிருக்கிறார். கையெழுத்துப் போடலாமா?

பதில்: போடாதீர்கள். மற்றதை அப்புறம் பேசலாம், முதலில் அந்தப் பத்திரத்தை எடுத்து வரிவரியாகப் படியுங்கள். 'நாங்கள் இருவரும் மனமொத்துத் தனித்தனியே வாழ்ந்து வருகிறோம்' என்று எங்காவது ஒரு வரி இருக்கிறதா? இத்தகைய பத்திரங்களில் அதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். படிக்க நல்ல வார்த்தையாகத்தான் தெரியும். ஆனால் பரஸ்பர சம்மதத்தோடு பிரிந்து வாழும் மனைவிக்கு ஜீவனாம்சம் கிடையாது என்று சட்டம் சொல்கிறது. ஆயிரம் ரூபாய்க்காகப் போட்ட கையெழுத்தைக் காட்டியே உங்கள் 3,000 ரூபாயை ரத்து செய்யக் கேட்பார்கள்.

இதைப் பரஸ்பர சம்மத விவாகரத்தோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். நீதிமன்றத்தில் இருவரும் சேர்ந்து விவாகரத்து வாங்கிய பெண்ணுக்கு அந்தத் தடை பொருந்தாது என்று உச்ச நீதிமன்றம் 1995-லேயே சொல்லிவிட்டது. திருமண பந்தம் இருக்கும்போதே 'சம்மதித்துப் பிரிந்திருக்கிறோம்' என்று எழுதிக் கொடுப்பதில்தான் ஆபத்து. நீங்கள் இருப்பது அந்த இடத்தில்தான். மகனுடைய பணம் வேறு கணக்கு. அது அவன் உரிமை, அதை விட்டுக்கொடுத்து நீங்கள் எழுதினாலும் செல்லாது.

சரி, கூட்டிக் கேட்கலாமா? தாராளமாகக் கேட்கலாம். சூழ்நிலை மாறினால் தொகையை மாற்றலாம் என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 127-வது பிரிவு சொன்னது. 2024 ஜூலை முதல் அதுவே, அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 146-வது பிரிவு. மூன்றாம் வகுப்புப் பையன் பத்தாம் வகுப்புக்கு வந்ததும், கணவரின் சம்பளம் ஏறியதும் சூழ்நிலை மாற்றம்தான். பழைய உத்தரவே தவறு என்று வாதாடுவது இங்கே எடுபடாது. அதன் பிறகு என்ன மாறியது என்று காட்ட வேண்டும்.

உங்கள் வேலையும் ஒரு மாற்றம்தான், அவர் தரப்பு அதைச் சொல்லும். ஆனால் சிறு சம்பளம் வருகிறது என்பதற்காக மட்டும் ஜீவனாம்சத்தை மறுக்க முடியாது. போதுமா போதாதா என்றுதான் நீதிபதி பார்க்க வேண்டும். அதனால் வேலையை மறைக்காதீர்கள். 2020-ல் ரஜ்னேஷ் - நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, இரண்டு பேருமே வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரத்தில் காட்ட வேண்டும். அதில் பொய் சொன்னால் வழக்கே கெடும். அவருடைய சம்பளமும் அதே வழியில்தான் வெளியே வரும்.

உத்தரவு போட்ட அதே நீதிமன்றத்தில் மனு போடுங்கள். உயர்வை மனு போட்ட தேதியிலிருந்தே தரும்படி மனுவிலேயே கேளுங்கள். போன வருடங்களுக்குச் சேர்த்துக் கிடைக்காது. விலைவாசி ஏறியதைப் பார்த்து எந்த நீதிமன்றமும் தானாகக் கூட்டுவதில்லை. ஒவ்வொரு முறையும் கடைக்கு லீவு போட்டுவிட்டு நீங்கள்தான் படியேற வேண்டும், அங்கே போனால் வாய்தா. எத்தனை வருடம் பார்த்தும் எனக்கு இது ஆறவில்லை.

நிலுவை இருந்தால் பேச்சுவார்த்தைக்காகக் காத்திருக்காதீர்கள். பணம் தர வேண்டிய தேதியிலிருந்து ஓராண்டுக்குள் வசூல் மனு போடாவிட்டால் அந்த மாதத்துக்குப் பிடியாணை கேட்க முடியாது. 'பேசி முடிக்கிறேன்' என்று தரகர்கள் இழுப்பதே பல நேரம் இந்த ஓராண்டைக் கடத்தத்தான்.

தரகருக்கு ஒரு ரூபாயும் தர வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞர் தரும். 15100-க்கு போன் செய்யுங்கள். போகும்போது பழைய உத்தரவின் சான்றிட்ட நகல், பள்ளிக் கட்டண ரசீதுகள், உங்கள் சம்பளச் சீட்டு, கையெழுத்துப் போடாத அந்த முத்திரைத்தாள் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போங்கள்.