இங்கிலாந்து கிராமத்தில் கவுன்சில் தேர்தல் எப்படி நடக்கும்? விசாவில் இருப்பவர்கள் ஓட்டுப் போடலாமா?

போடலாம். கேள்வியின் இரண்டாம் பாதிக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இங்கே இருக்கும் நம் ஆட்கள் பலருக்கு இது தெரிவதே இல்லை. இந்தியா, இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் எல்லாம் காமன்வெல்த் நாடுகள். அந்த நாடுகளின் குடிமக்கள் இங்கிலாந்தில் செல்லுபடியாகும் விசாவில் வசித்தால், அது வேலை விசாவாக இருந்தாலும் மாணவர் விசாவாக இருந்தாலும் சரி, 18 வயது ஆகியிருந்தால் போதும், வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்க்கலாம். பிரிட்டிஷ் குடியுரிமை வேண்டியதில்லை. நாடாளுமன்றத் தேர்தலுக்கும் இதே விதிதான். நிரந்தரமாகத் தங்கும் அனுமதி கிடைத்துவிட்டால் கவுன்சிலர் பதவிக்குப் போட்டியிடவே முடியும்.

இப்போது முதல் பாதி. நான் இருப்பது சஃபோக் கவுண்டியில், ஸ்டோமார்க்கெட்டுக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். எங்கள் கவுன்சிலின் பெயர் மிட் சஃபோக் டிஸ்ட்ரிக்ட் கவுன்சில். 870 சதுர கிலோமீட்டருக்கும் மேல் பரப்பு, ஏறத்தாழ ஒரு லட்சம் மக்கள், பெரும்பாலும் கோதுமையும் பார்லியும் விளையும் வயல்கள், நடுநடுவே சின்னச் சின்ன ஊர்கள். நான் நேரில் பார்த்தது இந்த ஊர்த் தேர்தல் என்பதால் இதை வைத்தே சொல்கிறேன்.

இங்கே மூன்று அடுக்கு நிர்வாகம். மேலே கவுண்டி கவுன்சில், நடுவில் டிஸ்ட்ரிக்ட், கீழே ஊருக்கு ஊர் பாரிஷ் கவுன்சில். நம் ஊர்க் கணக்கில் மாவட்ட ஊராட்சி, ஊராட்சி ஒன்றியம், கிராம ஊராட்சி என்று வைத்துக்கொள்ளலாம். சாலை, பள்ளிக்கூடம், நூலகம், முதியோர் பராமரிப்பு எல்லாம் கவுண்டியின் பொறுப்பு. குப்பை எடுப்பது, வீடு கட்ட அனுமதி கொடுப்பது, கவுன்சில் வீடுகள் (கவுன்சிலே வாடகைக்கு விடும் வீடுகள்), உணவகங்களின் சுகாதாரச் சோதனை, மதுபான உரிமம், கவுன்சில் டாக்ஸ் என்ற வீட்டுவரி வசூல், வாக்காளர் பட்டியல் இவை டிஸ்ட்ரிக்டின் வேலை. வசூலிப்பது டிஸ்ட்ரிக்ட் என்றாலும் அதில் பெரும்பகுதி கவுண்டிக்குப் போய்விடும். டிஸ்ட்ரிக்டுக்கு மிஞ்சுவது பத்தில் ஒரு பங்கு அளவுதான். இது மக்களுக்குப் புரிவதில்லை. பில்லில் டிஸ்ட்ரிக்டின் பெயர் இருப்பதால் எல்லாத் திட்டும் அதற்கே விழுகிறது.

எங்கள் கவுன்சிலில் 34 இடங்கள், நான்கு ஆண்டுக்கு ஒருமுறை மே மாதத்தின் முதல் வியாழக்கிழமை எல்லா இடங்களுக்கும் ஒன்றாகத் தேர்தல். சில டிஸ்ட்ரிக்டுகளில் மூன்றில் ஒரு பங்கு இடங்களுக்கு மட்டும், நான்கு ஆண்டில் மூன்று ஆண்டு நடக்கும். அதிக ஓட்டு வாங்கியவர் வெற்றி, அவ்வளவுதான். இரண்டு உறுப்பினர் வார்டு என்றால் நம் கையில் இரண்டு ஓட்டு.

போட்டியிட டெபாசிட் கிடையாது. வார்டு வாக்காளர்களில் இருவர் முன்மொழிந்து வழிமொழிந்து கையெழுத்துப் போட்டால் வேட்புமனு தயார். செலவுக்கு உச்சவரம்பு உண்டு; 2023-இல் எங்கள் ஊர் அளவுள்ள வார்டுக்கு அது ஆயிரம் பவுண்டைச் சுற்றித்தான் வந்தது. ஒரு கவுன்சிலருக்கு இரண்டாயிரத்துச் சொச்சம் வாக்காளர்கள். அதில் மூன்றில் ஒரு பங்கோ கொஞ்சம் கூடவோ ஓட்டுப் போடுவார்கள். ஆக, ஐந்நூறு ஓட்டு வாங்கினால் ஒருவர் கவுன்சிலர் ஆகிவிடலாம். இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், இந்தத் தேர்தலின் குணமே இதிலிருந்துதான் வருகிறது.

ஐந்நூறு ஓட்டு என்றால் வேட்பாளர் ஒவ்வொரு வீட்டுக் கதவையும் தட்ட முடியும் என்று அர்த்தம். தட்டியும் ஆக வேண்டும், ஏனென்றால் நாடாளுமன்ற வேட்பாளருக்குக் கிடைக்கும் இலவசத் தபால் வசதி இவர்களுக்கு இல்லை. நோட்டீஸை நடந்துபோய்த்தான் போட வேண்டும். கிராமத்தில் அது லேசான வேலை இல்லை. பல வீடுகளுக்கு எண்ணே கிடையாது, பெயர் மட்டும்தான். பண்ணை வீடு என்றால் சாலையிலிருந்து அரை மைல் சேற்றுப் பாதை. கதவில் தபால் போடும் துவாரம் சில வீடுகளில் தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் இருக்கும், உள்ளே தடித்த தூரிகை, அதற்கும் உள்ளே நாய். அனுபவப்பட்ட தொண்டர்கள் கையில் மரக்கரண்டி வைத்திருப்பார்கள். நோட்டீஸை அதன்மேல் மடித்து வைத்து உள்ளே தள்ளுவார்கள், விரல் தப்பிக்கும்.

பக்கத்து வீட்டுப் பாட்டியிடம் ஒரு வேட்பாளர் பேசிக்கொண்டிருந்ததை வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கேட்டிருக்கிறேன். பாட்டி கேட்டதெல்லாம் ஒன்றுதான்: முனையில் இருக்கும் சாலைப் பள்ளம் எப்போது மூடப்படும்? அது கவுண்டியின் வேலை. "அது எங்கள் கையில் இல்லை" என்று சொல்லிவிட்டு அவர் போயிருக்கலாம். போகவில்லை. கைப்பேசியை எடுத்துப் பள்ளத்தின் இடத்தைக் குறித்துக்கொண்டு, கவுண்டிக்கு எழுதி அதன் நகலைக் கொண்டுவந்து தருகிறேன் என்றார். சில நாளில் நகல் வந்துவிட்டது. பள்ளம் உடனே மூடப்படவில்லை என்பது வேறு விஷயம். பாட்டியின் ஓட்டு யாருக்குப் போயிருக்கும் என்று எனக்குச் சந்தேகமே இல்லை.

என் கருத்தும் இதுதான். இந்த மட்டத்தில் தேர்தலை ஜெயிப்பது பெரும்பாலும் ஆண்டுக்கணக்கான நடை. எங்கள் கவுன்சிலே அதற்குச் சாட்சி. 1974-இல் உருவான கவுன்சில் இது. கன்சர்வேட்டிவ் கட்சி ஓங்கியிருந்த நாட்டுப்புறம். 2015-இல் சுற்றுச்சூழலை முன்வைக்கும் கிரீன் கட்சிக்கு விரல்விட்டு எண்ணக்கூடிய உறுப்பினர்கள்தான் இருந்தார்கள். 2019-இல் 34-க்கு 12. 2023 மே 4 அன்று 24. கன்சர்வேட்டிவுக்கு 6, லிபரல் டெமாக்ரட்டுகளுக்கு 4. இங்கிலாந்தில் கிரீன் கட்சி தனிப் பெரும்பான்மையோடு பிடித்த முதல் கவுன்சில் இதுதான். கிரீன் என்றால் பல்கலைக்கழக நகரத்து இளைஞர் கட்சி என்று நினைத்திருந்தவர்களுக்கு, டிராக்டர் ஓடும் ஊரில் இது நடந்தது பெரிய ஆச்சரியம்.

எங்களுக்கு அவ்வளவு ஆச்சரியம் இல்லை. அந்த வேட்பாளர்களில் பலரை ஊர் ஏற்கெனவே அறியும். பாரிஷ் கவுன்சிலில் உட்கார்ந்தவர்கள், தேர்தல் இல்லாத ஆண்டிலும் செய்தி மடல் போட்டவர்கள், வீட்டு அனுமதி விண்ணப்பம் வந்தால் அந்த வரைபடத்தைப் படித்துவிட்டுக் கூட்டத்துக்கு வந்தவர்கள். வீடு கட்டும் அனுமதிதான் இங்கே அடிவயிற்றைத் தொடும் விஷயம். எழுபது வீடு உள்ள ஊரின் ஓரத்து வயலில் ஐம்பது வீடு கட்ட ஒரு கம்பெனி விண்ணப்பிக்கும். மின்கம்பத்தில் கட்டிய அறிவிப்புத் தாள் மழையில் நனைந்து தொங்கும். பள்ளியில் இடம் இல்லை, மருத்துவர் இல்லை, பஸ் இல்லை என்று ஊர் கொதிக்கும். இன்னொரு பக்கம், உள்ளூர்ப் பிள்ளைகள் வாடகை கட்டமுடியாமல் ஊரைவிட்டுப் போய்க்கொண்டிருப்பதும் உண்மை. இரண்டையும் ஒரே கூட்டத்தில் நேர்மையாகப் பேசத் தெரிந்தவருக்கு மரியாதை கிடைக்கிறது, கட்சி எதுவானாலும்.

அதோடு மின்கோபுரப் பிரச்சினை. கடலில் காற்றாலைகள் தரும் மின்சாரத்தைக் கொண்டுபோக, நாரிச்சிலிருந்து டில்பரி வரை ஏறத்தாழ 180 கிலோமீட்டருக்கு உயர் அழுத்த மின்பாதை அமைக்கும் திட்டத்தை, மின்தொடர் நிறுவனமான நேஷனல் கிரிட் 2022-இல் அறிவித்தது. பாதை எங்கள் டிஸ்ட்ரிக்ட் வழியாகப் போகிறது. முடிவெடுப்பது லண்டனில் இருக்கும் அமைச்சர். டிஸ்ட்ரிக்ட் முறைப்படி ஆட்சேபம் தெரிவிக்கலாம், அவ்வளவே. இருந்தாலும் 2023-இல் இது பல கதவுகளில் கேட்ட கேள்வி. கடலடியில் கேபிளாகக் கொண்டுபோகலாமே என்பது இங்குள்ள பலரின் வாதம். எனக்கும் அதுவே சரி என்று படுகிறது.

நாடு தழுவிய அரசியல் அலையே அடிக்காது என்று சொல்லமாட்டேன். அதே 2023 தேர்தலில் நாடு முழுக்க கன்சர்வேட்டிவ் கட்சி ஆயிரத்துக்கும் மேற்பட்ட கவுன்சிலர்களை இழந்தது. எங்கள் ஊர் முடிவிலும் அந்தக் கோபத்துக்குப் பங்கு உண்டு. 2025 மே மாதம் கென்ட், லிங்கன்ஷயர் கவுண்டி கவுன்சில்களை ரிஃபார்ம் கட்சி பிடித்தது நடையால் மட்டும் வந்ததல்ல. ஆனால் அலை அடிக்கும்போது கரையில் தயாராக நிற்பவர் யார் என்பதை முந்தைய பத்து ஆண்டு உழைப்பு தீர்மானிக்கிறது. 2024 நாடாளுமன்றத் தேர்தலில், எங்கள் டிஸ்ட்ரிக்டின் வடபகுதியும் சேர்ந்த வேவ்னி வேலி தொகுதியை கிரீன் கட்சியின் ஏட்ரியன் ராம்ஸே ஜெயித்தார். அந்த அடித்தளத்தில் ஒரு பகுதி போடப்பட்டது கவுன்சில் தேர்தல்களில்தான்.

வாக்குப்பதிவு நாள் அமைதியானது. விடுமுறை கிடையாது. காலை 7 மணியிலிருந்து இரவு 10 மணி வரை, வேலைக்குப் போகும்போதோ வரும்போதோ போட்டுவிட்டுப் போகலாம். வாக்குச்சாவடி ஊர் மண்டபமாக இருக்கும், சில ஊர்களில் தேவாலயம், சில ஊர்களில் பப். 2023-இல் சனிக்கிழமை மன்னர் சார்லஸின் முடிசூட்டு விழா என்பதால் மண்டபம் முழுக்கக் கொடித் தோரணம் கட்டியிருந்தார்கள். உள்ளே இரண்டு அலுவலர்கள், ஒரு மேசை, பலகைத் தடுப்பு, அதில் நூலில் கட்டிய கட்டைப் பென்சில். விரலில் மை கிடையாது, இயந்திரமும் கிடையாது. தாளில் பெயருக்கு நேரே பெருக்கல் குறி போட்டு, மடித்து, பெட்டியில் போட வேண்டியதுதான். வெளியே கட்சி நிறத்தில் ரிப்பன் பூ குத்திக்கொண்டு ஒருவர் உட்கார்ந்து உங்கள் வாக்காளர் எண்ணைக் கேட்பார். தங்கள் ஆதரவாளர்களில் யார் இன்னும் வரவில்லை என்று பார்க்கத்தான் கேட்கிறார்கள். சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை.

இங்கிலாந்தில் புகைப்பட அடையாள அட்டை கட்டாயம் ஆனதும் அந்த 2023 தேர்தலில்தான். இந்திய, இலங்கை பாஸ்போர்ட்டுகள் செல்லும். முதியோரின் இலவச பஸ் அட்டை செல்லும், இளைஞர்களின் ரயில் சலுகை அட்டை செல்லாது. இது அநியாயம் என்றே நினைக்கிறேன். எந்த அட்டையும் இல்லாதவர்கள் இலவச வாக்காளர் சான்றிதழுக்கு முன்கூட்டியே விண்ணப்பிக்கலாம்.

எண்ணிக்கை பெரும்பாலான கிராமப்புற டிஸ்ட்ரிக்டுகளில் மறுநாள் நடக்கும். உடற்பயிற்சிக் கூடம் மாதிரி ஓரிடத்தில் மேசைகளைப் போட்டுக் கையால் எண்ணுவார்கள். சந்தேகமான ஓட்டுகளை வேட்பாளர்களும் முகவர்களும் பார்க்கத் தேர்தல் அதிகாரி ஒவ்வொன்றாகக் காட்டி முடிவு சொல்வார். சரிசமமாக முடிந்தால் சீட்டுக் குலுக்கல்தான். நடக்காத கதை என்று நினைக்காதீர்கள். 2017-இல் நார்தம்பர்லாந்தில் சவுத் பிளைத் வார்டில் இருவரும் சமமான ஓட்டு வாங்க, குச்சி இழுத்து முடிவு செய்தார்கள். லிபரல் டெமாக்ரட் வேட்பாளருக்கு அதிர்ஷ்டம். கன்சர்வேட்டிவ் கட்சிக்கு 67-இல் 33 கிடைத்து, ஒரே ஒரு இடத்தில் பெரும்பான்மை போனது. அந்த வார்டில் ஓட்டுப் போடாமல் வீட்டில் இருந்த யாராவது ஒருவர் வந்திருந்தால் குச்சிக்கே தேவை இருந்திருக்காது.

இதற்கு நேர்மாறாக, போட்டியே இல்லாத வார்டுகளும் உண்டு. ஒரே ஒருவர் மனுக் கொடுத்தால் ஓட்டுப்பதிவே நடக்காது. நாலு ஆண்டுக்கு அந்த ஊரின் கதவுகளை யாரும் தட்டுவதில்லை. கிராமப்புறத்தில் எனக்கு மிகவும் வருத்தம் தரும் விஷயம் இதுதான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இந்த டிஸ்ட்ரிக்டுகள் போகப்போகின்றன. கவுண்டி, டிஸ்ட்ரிக்ட் என்ற இரண்டு அடுக்கை ஒன்றாக்கும் திட்டத்தை லேபர் அரசு 2024 டிசம்பரில் வெள்ளை அறிக்கையாக வெளியிட்டது. சஃபோக்கில் கவுண்டி கவுன்சில் ஒரே ஒரு கவுன்சில் வேண்டும் என்றது. டிஸ்ட்ரிக்டுகள் மூன்று கவுன்சில்களாகப் பிரிக்கக் கேட்டன. யார் எதற்குப் பொறுப்பு என்ற குழப்பம் தீரும், பாட்டியின் சாலைப் பள்ளத்துக்கு ஒரே முகவரி இருக்கும், அது நல்லதுதான். ஆனால் 2023 ஏப்ரலில் ஒன்றாக்கப்பட்ட நார்த் யார்க்‌ஷயரைப் பாருங்கள். ஏழு டிஸ்ட்ரிக்டுகள் கலைந்து, 8,000 சதுர கிலோமீட்டருக்கு மொத்தம் 90 கவுன்சிலர்கள். அவ்வளவு பெரிய இடத்தில் மரக்கரண்டியோடு எத்தனை வீட்டுக்கு நடக்க முடியும்? எனக்கு மூன்று கவுன்சில் யோசனைதான் பிடித்திருக்கிறது.

சரி, பதிவு செய்வது எப்படி என்று கேட்பீர்கள். அரசின் இணையதளத்தில் நேஷனல் இன்ஷூரன்ஸ் எண் (இங்கே வேலைக்கும் வரிக்கும் பயன்படும் தனி எண்), முகவரி, குடியுரிமை நாடு கொடுத்தால் சில நிமிடத்தில் முடிந்துவிடும். தேர்தலுக்கு 12 வேலை நாள் முன்பு கடைசி நாள். மாணவர்கள் விடுதி முகவரி, வீட்டு முகவரி இரண்டிலும் பதிவு செய்யலாம். அவை வெவ்வேறு கவுன்சில்களில் இருந்தால் உள்ளாட்சித் தேர்தலில் இரண்டு இடத்திலும் ஓட்டுப் போட உரிமை உண்டு.