61 சதவீதமும் டெல்லித் தீர்ப்பும்

கேள்வி: என் மகன் அண்ணா பல்கலைக்கழகத்தின் இணைப்புக் கல்லூரி ஒன்றில் இன்ஜினீயரிங் இரண்டாம் ஆண்டு படிக்கிறான். வருகைப்பதிவு 61 சதவீதம்தான் என்று ஹால் டிக்கெட் தர மறுக்கிறார்கள். அட்டெண்டன்ஸ் காரணத்துக்காக யாரையும் தேர்விலிருந்து தடுக்கக் கூடாது என்று டெல்லி உயர் நீதிமன்றமே சொல்லிவிட்டதே! கேட்ட பணத்தையெல்லாம் கட்டியிருக்கிறோம். வழக்குப் போடலாமா?

– ஒரு தந்தை, ஈரோடு

பதில்: போடலாம், யார் தடுத்தது? தேர்வுக்கு முந்தைய நாள், அன்றைக்கே அவசரமாக விசாரிக்கக் கேட்கும் லஞ்ச் மோஷனில் ரிட் மனுவோடு உயர் நீதிமன்றத்துக்கு ஓடுகிறவர்கள் ஒவ்வொரு செமஸ்டரிலும் இருக்கிறார்கள். ஆனால் நீங்கள் நம்பியிருக்கும் தீர்ப்பு உங்கள் மகனுக்கு உதவாது.

2016-ல் டெல்லியில், வருகை போதாது என்று தேர்வெழுத விடாத நிலையில் ஒரு சட்டக் கல்லூரி மாணவர் உயிரை மாய்த்துக்கொண்டார். உச்ச நீதிமன்றம் தானாகவே கையிலெடுத்த அந்த விவகாரம் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போய், 2025 நவம்பரில்தான் தீர்ப்பு வந்தது. அது பேசியது சட்டக் கல்லூரிகளைப் பற்றி. அங்கே பார் கவுன்சில் விதிப்படி பாடத்துக்கு 70 சதவீதம் வேண்டும். உங்கள் மகனுக்குப் பல்கலைக்கழக விதி: 75. உடம்பு சரியில்லாமல் மருத்துவமனையில் இருந்தார், விளையாட்டுப் போட்டிக்குப் போனார் என்றால் 65 வரை இறங்குவார்கள். அதற்கும் கீழே போனால் ரிசல்ட்டில் 'எஸ்.ஏ.' (வருகைக் குறைவு) என்று விழும். அப்புறம் ரீடூதான், அந்த செமஸ்டரையே மறுபடி படிக்க வேண்டும்.

இடைக்கால உத்தரவு வாங்கி எழுதிவிட்டால் போதும் என்று ஒரு நம்பிக்கை பெற்றோரிடம் இருக்கிறது. 'இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது' என்ற வரியையும் சேர்த்தேதான் அந்த உத்தரவு வரும். பையன் எழுதுவான், ரிசல்ட் நிற்கும், மனு தள்ளுபடியானால் எழுதியது வீண். வக்கீல் ஃபீஸ் திரும்பி வராது.

நியாயமான காரணம் இருந்தால் நீதிமன்றம் காது கொடுக்காமல் இல்லை. மீரட் பல்கலைக்கழகத்து எம்.எட். மாணவி ஒருவர் கேட்ட 59 நாள் பேறுகால விடுப்பை மறுபடி பரிசீலிக்கச் சொன்னது இதே டெல்லி உயர் நீதிமன்றம்தான், 2023-ல். உங்கள் கடிதத்தில் பணம் கட்டிய கதை இருக்கிறதே தவிர, பையன் ஏன் வகுப்புக்குப் போகவில்லை என்று ஒரு வரிகூட இல்லையே, ஐயா.

ஆனால் பணம் கட்டினால் அட்டெண்டன்ஸ் வரும் என்று உங்களை நம்ப வைத்தது யார்? பல கலைக் கல்லூரிகளில் 'கண்டோனேஷன் ஃபீஸ்' என்று ஒன்று உண்டு. 65-க்கு மேல் 75-க்குள் இருக்கிறாயா, பணத்தைக் கட்டு, எழுது. ரசீது போட்டு மன்னிக்கிறவர்கள் மேடையேறி ஒழுக்கம் பேசினால் எந்த மாணவனுக்குச் சிரிப்பு வராது?

அந்த டெல்லித் தீர்ப்பில் எல்லாக் கல்லூரிக்கும் பொருந்த வேண்டிய பகுதி வேறு இருக்கிறது. வருகை நிலவரத்தை வாரா வாரம் மாணவனுக்குக் காட்ட வேண்டும், குறைந்தால் மாதா மாதம் பெற்றோருக்குச் சொல்ல வேண்டும், ஈடுகட்டக் கூடுதல் வகுப்பு நடத்த வேண்டும். அதையும் மீறிக் குறைந்தால் சட்டக் கல்லூரி மதிப்பெண்ணில் அதிகபட்சம் 5 சதவீதம் பிடிக்கலாமே தவிர தேர்வைத் தடுக்கக் கூடாது. நம்மூரில் பல கல்லூரிகளில் ஹால் டிக்கெட் கொடுக்கும் நாளில்தான் 61 என்ற எண்ணே வெளியே வருகிறது. ஐந்து மாதம் வாயைத் திறக்காமல் இருந்துவிட்டு ஐந்தாவது மாதக் கடைசியில் கழுத்தைப் பிடிப்பது என்ன நிர்வாகம்?

இன்றைக்கே கல்லூரிக்குப் போய்ப் பாடவாரியாக, பீரியட்வாரியாக வருகைக் கணக்கை எழுத்தில் கேளுங்கள். சிம்போசியத்துக்கும் என்.எஸ்.எஸ். முகாமுக்கும் போன ஓ.டி. (ஆன் டியூட்டி வருகை) ஏறியிருக்கிறதா, லேப் வகுப்பு விட்டுப்போயிருக்கிறதா என்று பையனை உட்கார வைத்துச் சரிபாருங்கள். கணக்கில் பிழை இருந்தால் முதல்வருக்கு மனுக் கொடுங்கள், நகலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். அவர் அசையவில்லை என்றால் அந்த நகலோடு வக்கீலைப் பாருங்கள். கணக்கு சரியாக இருந்தால் வக்கீலுக்குக் கொடுக்க இருந்ததை ரீடூவுக்குக் கட்டுங்கள்.